நீ காணும் சிவப்பு

கண்ணு,

மூணாறில் உன்னை உடுமலைப்பேட்டை பஸ் ஏற்றிவிட வந்தபோது, பஸ் நகர ஆரம்பித்த பிறகு ஜன்னல் வழியே தலையை நீட்டி ஒன்று கேட்டாய். "அம்மா, எனக்குப் பிள்ளை பிறந்தா அதுக்கும் கண்ணு இப்படித்தான் இருக்குமா?" நான் வாயைத் திறப்பதற்குள் பஸ் வளைவில் திரும்பிவிட்டது. கூட நடந்து வந்த உன் அப்பா, "என்ன கேட்டான்?" என்றார். "கல்யாணப் பத்திரிகையைப் பற்றி" என்று சொல்லிவிட்டேன். ஆனால் வீடு வந்து சேரும்வரை அந்தக் கேள்விதான் என்னோடு நடந்து வந்தது. அடுத்த மாதம் உனக்குக் கல்யாணம். இதை மனசில் போட்டுக்கொண்டு நீ மணவறையில் உட்காரக் கூடாது. அதனால் எழுதுகிறேன். சொல்ல வேண்டியது கொஞ்சம்தான். ஆனால் அதற்குப் போகும் வழி நீளம். பொறுமையாகப் படி.

இங்கே தேவிகுளத்தில் காலையிலிருந்து மஞ்சு இறங்கிக்கொண்டே இருக்கிறது. எதிர்மலை இருப்பதும் இல்லாததுமாக இருக்கிறது. ஒரு நிமிஷம் தேயிலைச் சரிவு தெரிகிறது, அடுத்த நிமிஷம் ஒன்றுமே இல்லை, வெறும் வெள்ளை. பள்ளிக்கூடம் லீவு. இப்படிப்பட்ட நாளில் உட்கார்ந்தால் நான் பாலக்காட்டில் பி.எஸ்ஸி. படித்த காலத்துக்குப் போய்விடுவேன். ஒளி என்றால் என்ன என்று மனிதர்கள் எப்படியெல்லாம் யோசித்திருக்கிறார்கள் என்பதை அங்கேதான் முதன்முதலில் கேட்டேன். பழைய கிரேக்கர்களில் ஒரு கூட்டம், நம் கண்ணிலிருந்துதான் ஒளி புறப்பட்டுப் போகிறது என்று நம்பியதாம். இருட்டில் கையை நீட்டித் தடவுகிற மாதிரி கண் தன் கதிரை நீட்டி மலையைத் தொட்டுப் பார்க்கிறதாம். இன்னொரு கூட்டம், இல்லை, ஒவ்வொரு பொருளும் தன் மேலிருந்து மெல்லிய தோல் போன்ற உருவங்களை உதிர்த்துக்கொண்டே இருக்கிறது, அவை காற்றில் மிதந்து வந்து கண்ணுக்குள் நுழைகின்றன என்றதாம். வகுப்பில் மற்றவர்கள் சிரித்தார்கள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. அன்றைக்கு ஹாஸ்டலுக்கு நடந்து போகும்போது ஒவ்வொரு மரமும் தன் சாயலை உதிர்த்துக்கொண்டு நிற்பதாகவும், நான் அதற்குள்ளே நீந்திப் போவதாகவும் தோன்றிக்கொண்டே இருந்தது.

உனக்கு நாலைந்து வயதிருக்கும்போது நடந்த ஒன்று. பள்ளிக்கூடத்துக்குப் போகும் வழியில் காட்டுப்பூவரசு மரம் நிற்குமே, இலையை விடப் பூ அதிகம் என்கிற மாதிரி ரத்தச் சிவப்பாகப் பூத்திருந்தது. உன்னை இடுப்பில் தூக்கிக் காட்டினேன். "எங்கம்மா பூ?" என்றாய். "அதோ பாரு, மரம் பூரா." நீ ரொம்ப நேரம் பார்த்தாய். பிறகு, "மரம்தான் இருக்கு" என்றாய். நான் ஒரு பூவைப் பறித்து உன் கையில் கொடுத்ததும், அதன் இதழ்களைத் தடவிப் பார்த்துவிட்டு, "ஓ, இதுவா! இது இலையோட சேர்ந்து ஒளிஞ்சுக்கிட்டு இருந்திச்சு" என்று சொல்லிச் சிரித்தாய். குழந்தை விளையாடுகிறது என்று நினைத்து நானும் சிரித்தேன். பூ ஒளிந்துகொள்கிறது என்பது எனக்கு அழகான பேச்சாகத் தோன்றியது. உன் அப்பாவிடம்கூடச் சொன்னேன். அது பேச்சழகு இல்லை, நீ கண்டதை அப்படியே சொன்னாய் என்பது இத்தனை வருஷம் கழித்துத்தான் தெரிந்தது.

லீவுக்கு என் பிறந்த ஊருக்குக் கொழிஞ்சாம்பாறைக்குப் போகும்போதெல்லாம் உனக்கு வேண்டியது ஒன்றே ஒன்றுதான். பெரிய மாமா உன்னைப் பாலக்காட்டுக்குக் கூட்டிப் போய் ரயில் காட்ட வேண்டும். மலையில் ஜீப்பும் லாரியும் மட்டுமே பார்த்து வளர்ந்தவனுக்கு அந்தக் கரிப்புகையும் இரும்புச் சத்தமும் பெரிய மயக்கமாக இருந்தது. இன்ஜின் ஓட்டுவேன் என்று நீ சொன்னதைச் சின்ன வயசுப் பேச்சென்று விட்டுவிட முடியவில்லை. படித்து முடித்தும் அதையேதான் சொன்னாய். எழுத்துப் பரீட்சை எழுதினாய், தேறினாய். நெருக்கடி நிலை முடிந்து எல்லாரும் கொஞ்சம் மூச்சுவிட்டுக்கொண்டிருந்த வருஷம் அது. மருத்துவப் பரிசோதனை மட்டும்தான் பாக்கி. தேயிலைத் தொழிற்சாலையில் உன் அப்பா தன்னோடு வேலை செய்கிறவர்களுக்கெல்லாம் மிட்டாய் கொடுத்துவிட்டார். அது முன்கூட்டிக் கொடுத்த மிட்டாய் என்று யாருக்கும் தோன்றவில்லை. மரம் ஏறுவாய், மலை ஏறுவாய், காய்ச்சல் என்று படுத்ததில்லை. உன் உடம்பில் யார் என்ன குறை கண்டுபிடிக்க முடியும்?

பாலக்காட்டில் அந்த ஆசுபத்திரி வராந்தாவில் நான் உட்கார்ந்திருந்தேன். உன்னோடு போனவர்கள் ஒவ்வொருவராக வெளியே வந்தார்கள், நீ வரவில்லை. பிறகு டாக்டரே கதவைத் திறந்து என்னைக் கூப்பிட்டார். நல்ல மனிதர். மேசையில் ஒரு புத்தகம் திறந்திருந்தது. பக்கம் முழுக்க சின்னதும் பெரியதுமாக நிறப் புள்ளிகள். "டீச்சரே, இதில் என்ன எண் தெரியுது?" என்று கேட்டார். சொன்னேன். அவர் உன் பக்கம் திரும்பினார். நீ வேறொரு எண்ணைச் சொன்னாய். நான் உள்ளே வருவதற்கு முன் டாக்டரிடம் சொன்னதையே தயங்கித் தயங்கித் திரும்பச் சொன்னாய் என்பது உன் முகத்திலேயே தெரிந்தது. அடுத்த பக்கத்தில் நான் எண்ணைக் கண்ட இடத்தில் நீ வெறும் புள்ளிகளை மட்டும் கண்டாய். "கண்ணுக்கு ஒரு கேடும் இல்லா டீச்சரே. நல்ல தெளிவுள்ள கண்ணு. சிவப்பும் பச்சையும் மட்டும் பிரிச்சறியான் பற்றுந்நில்லா, வித்தியாசம் தெரியல. சிக்னல் பார்க்கிற ஜோலிக்கு இது ஆகாது" என்றார். நீ அந்தப் பக்கத்தையே பார்த்துக்கொண்டிருந்தாய். நான் சொன்ன எண் எங்கேயாவது கிடைத்துவிடாதா என்று தேடுகிற மாதிரி. அந்தப் பார்வையை நான் முன்பே பார்த்திருக்கிறேன், ஒரு மரத்தடியில்.

அன்றைக்கு மாமா வீட்டில் நடந்தது உனக்குப் பாதிதான் தெரியும். நீ உள்ளறையில் சுவரைப் பார்த்துப் படுத்துவிட்டாய். நான் முற்றத்தில் உட்கார்ந்து மாமாவுக்கும் அத்தைக்கும் டாக்டர் சொன்னதைச் சொன்னேன். மாமா எப்போதுமே அதிகம் பேசுகிறவர் இல்லை. களத்தில் காய்ந்துகொண்டிருந்த மிளகாயைப் பார்த்தபடி இருந்தார். அப்புறம், "அம்மிணி, எனக்கும் அப்படித்தான்" என்றார்.

எனக்குப் புரியவில்லை. "எப்படியண்ணா?"

"அந்த மொளகாயில எது பழுத்தது, எது பழுக்காததுன்னு எனக்குத் தெரியாது. தொட்டுப் பார்த்துத்தான் சொல்லுவேன். மாம்பழமும் மோந்துதான் பறிப்பேன். பள்ளிக்கூடத்துல ஒருக்கா இலைக்குச் செவப்புக் கலரைப் பூசிப்போட்டேன்னு வாத்தியார் அடிச்சாரு. அதுக்கப்புறம் யாருகிட்டயும் வாயே தொறக்கலை."

அத்தை முறத்தைக் கீழே வைத்துவிட்டார். "ஏனுங்க," என்றார், "அப்போ அந்தத் தலை தீபாவளிச் சேலை?"

அதை நீ கேள்விப்பட்டிருக்க மாட்டாய். கல்யாணமான முதல் தீபாவளிக்கு அத்தை அரக்குச் சிவப்பில் ஒரு சேலை கேட்டாராம். புதுப்பெண் வாய்விட்டுக் கேட்ட முதல் ஆசை. மாமா கோயமுத்தூருக்குத் தனியாகப் போய், கடைக்காரன் எடுத்துக் காட்டியதையெல்லாம் தள்ளிவிட்டு, தானே தேடி எடுத்து வந்தது பாசிப் பச்சை. அத்தை கேட்டதற்கு, "நல்லாத்தானே இருக்குது" என்று சொல்லிவிட்டு வயலுக்குப் போய்விட்டாராம். தான் சொன்னது அவர் காதில் ஏறவே இல்லை, தன் ஆசைக்கு அந்த வீட்டில் அவ்வளவுதான் மதிப்பு என்று அத்தை அன்றைக்கு முடிவு செய்துகொண்டார். அதற்கப்புறம் எதையும் வாய்விட்டுக் கேட்டதில்லை. மாமாவும் தானாக எதையும் வாங்கி வந்ததில்லை. தப்பாகிவிடுமே என்ற பயம் அவருக்கு. நாங்கள் எல்லாரும் அதைத்தான் அண்ணனுடைய கஞ்சத்தனம் என்றும், அண்ணியுடைய அழுத்தம் என்றும் பேசிக்கொண்டிருந்தோம்.

"அது செவப்புன்னுதான் நெனைச்சேன் புள்ளே. நெசமா. கடையிலேயே அதுதான் ரொம்ப நல்ல செவப்புன்னு தோணுச்சு. நீ மூஞ்சியைச் சுளிச்சதும்தான் வேற கலருன்னு தெரிஞ்சுது."

அத்தை அழுவாரா சிரிப்பாரா என்று எனக்குத் தெரியவில்லை. இரண்டும் செய்தார். "ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமில்லீங்க. நீங்க எடுத்த செவப்புன்னே நெனைச்சு உடுத்தியிருப்பேனே" என்றார். பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டு களத்துக்குப் போய், மிளகாயில் ஒரு கைப்பிடி அள்ளி வந்து மாமாவுக்கு முன்னால் போட்டு, "இதுல எது எப்படித் தெரியுதுன்னு சொல்லுங்க" என்றார். அவர்கள் இரண்டு பேரும் அந்த மிளகாய்க் குவியலுக்கு முன்னால் குந்தி உட்கார்ந்து பேசிக்கொண்டிருந்ததை நான் பார்த்துக்கொண்டே இருந்தேன். மாலை வெயில் மஞ்சளாக அவர்கள் மேல் விழுந்திருந்தது. அதற்கு முன் அவர்கள் அவ்வளவு நேரம் பேசி நான் பார்த்ததில்லை.

நாம் மலைக்குத் திரும்பிய பிறகு வந்த நாட்கள் நல்ல நாட்கள் இல்லை. உன் அப்பா ஒரே ஒரு முறைதான் சத்தம் போட்டார். "செவப்பு வெளக்குக்கும் பச்சை வெளக்குக்கும் வித்தியாசம் தெரியலன்னா எப்படில? நல்லாப் பாத்துச் சொல்லியிருக்கணும்லா!" என்றார். அவர் சட்டையை மாட்டிக்கொண்டு தொழிற்சாலைக்குப் போய்விட்டார். அது கோபம் இல்லை, கண்ணு. கையில் பிடிக்க முடியாத எதிரியைப் பார்த்த திகைப்பு. இயந்திரம் பழுதென்றால் அவருக்குத் திறந்து பார்க்கத் தெரியும், இதை எங்கே திறப்பது? நீ சாப்பிட்டாய், தூங்கினாய், மஞ்சைப் பார்த்துக்கொண்டு வாசலில் உட்கார்ந்திருந்தாய். தேயிலைக்குக் களைக்கொல்லி அடிக்கும் வேலைக்குப் போகிறேன் என்று ஒருநாள் சொன்னாய். ஏதாவது ஒரு வேலை என்று நீ சொன்ன விதம்தான் எனக்குப் பயமாக இருந்தது.

அப்புறம் அந்த ஞாயிற்றுக்கிழமை வந்தது. காலையில் உன் அப்பா, "வால, ஒண்ணு காட்டுதேன். நீயும் வா" என்று என்னையும் சேர்த்துக் கூப்பிட்டார். தொழிற்சாலையில் பச்சை இலையைப் பரப்பி வாட்டுகிற மேல்மாடிக்குக் கூட்டிப் போனார். கொழுந்து பறிக்காத நாள், மாடி காலியாக இருந்தது. காற்றில் மட்டும் பழைய இலை வாசனை. ஜன்னல் பலகைகளை ஒவ்வொன்றாகச் சாத்தினார். கடைசிப் பலகை மூடியதும் கும்மிருட்டு. கண் பழகப் பழக, எதிரே வெள்ளையடித்த சுவரில் ஏதோ அசைந்தது. ஒரு பலகையில் ஆணி பிடுங்கிய ஓட்டை இருந்தது. அது வழியாக வெளியே இருந்த மலை முழுவதும் உள்ளே வந்து சுவரில் தலைகீழாகத் தொங்கியது. வானம் கீழே, தேயிலைச் சரிவு மேலே. தொழிலாளர் லயத்து வீட்டு வாசலில் காய்ந்த துணிகள் மேல்நோக்கிப் படபடத்தன. சூரியநெல்லிப் பக்கம் போகிற ஜீப் ஒன்று, கூரையில் ஊர்கிற எறும்பு மாதிரி சத்தமில்லாமல் மலையின் அடிவயிற்றில் ஊர்ந்து போனது. வேலைக்குச் சேர்ந்த புதிதில் தற்செயலாகக் கண்டுபிடித்ததாம். இத்தனை காலமும் எனக்குக்கூடச் சொன்னதில்லை.

அந்த இருட்டில் அவர் உன்னிடம் கேட்டார். "ஒனக்கு அது எப்படித் தெரியுதுல?"

அப்படி ஒருவரும் உன்னைக் கேட்டதில்லை. சிவப்பு எது, பச்சை எது என்றுதான் எல்லாரும் கேட்டார்கள். நீ சொன்னாய். "வானம் நீங்க சொல்ற நீலம்தாம்ப்பா. அது எனக்கு நல்லாத் தெரியும். மலை பழைய தேன் மாதிரி இருக்கு. பக்கத்துல வெளிர்ந்து, மேலே போகப் போகக் கெட்டியா. பள்ளத்துல காடு இருக்கிற இடம் கருப்பட்டி. அந்தத் துணியில ஒண்ணு மலை நிறத்துலேயே இருக்கு, நிழல் விழறதாலதான் துணின்னு தெரியுது." அந்தத் துணி நல்ல சிவப்பு. நான் சொல்லவில்லை. உன் குரலில் பாலக்காட்டிலிருந்து வந்த பிறகு இல்லாத ஏதோ ஒன்று திரும்பியிருந்தது, அதைக் கேட்டுக்கொண்டிருந்தேன். நாங்கள் வெளியே வந்த பிறகும் நீ வரவில்லை. வந்தபோது நீ கேட்ட முதல் கேள்வி, "இதை அப்படியே பிடிச்சு வைக்கத்தானே கேமரா?" என்பது.

ஆயிரம் வருஷத்துக்கு முன் அரபு தேசத்தில் ஒரு அறிஞர் இப்படித்தான் ஓர் இருட்டறையை வைத்துக்கொண்டு யோசித்தார். சூரியனைப் பார்த்தால் கண் வலிக்கிறதே, கண்ணிலிருந்து கதிர் போகிறதென்றால் ஏன் வலிக்க வேண்டும் என்று கேட்டார். ஒளி வெளியிலிருந்துதான் உள்ளே வருகிறது என்றார். ரொம்பக் காலம் கழித்து இங்கிலாந்தில் ஒருவர் இருட்டறையில் ஓட்டை வழியே வந்த வெயிலை மூன்று பட்டைக் கண்ணாடியில் விழவிட்டு வண்ணங்களாகப் பிரித்தார். நான் வருஷா வருஷம் வகுப்பில் செய்து காட்டுகிற அதே பாடம். அவர் சொன்ன இன்னொன்றைப் பாடப் புத்தகத்தில் போடுவதில்லை. கதிர்களுக்கு நிறம் கிடையாது, நமக்குள் நிறம் என்கிற உணர்வை எழுப்புகிற சக்திதான் அவற்றுக்கு இருக்கிறது என்றார் அவர். ஒளி சிறு துகள்களா, குளத்து அலை மாதிரி அலையா என்று அதற்குப் பிறகு எத்தனையோ தலைமுறை சண்டை போட்டது. ஆனால் வெளியே நிறம் இல்லை என்பதை யாரும் மாற்றவில்லை. காட்டுப்பூவரசு சிவப்பாக நிற்கவில்லை, கண்ணு. என்னை வந்து தொடும்போது சிவப்பாகிறது. உன்னை வந்து தொடும்போது வேறொன்றாகிறது. அந்த மரத்துக்கு இதில் யார் சரி, யார் தப்பு என்ற எண்ணமே கிடையாது.

உன்னைப் போன்ற கண்ணோடு ஒரு பெரிய விஞ்ஞானியே இருந்திருக்கிறார், தெரியுமா? பகலில் நீலமாகத் தெரிந்த ஒரு பூ மெழுகுவர்த்தி வெளிச்சத்தில் வேறு நிறமாகத் தெரிந்ததைப் பார்த்து, மற்றவர்களுக்கு அப்படித் தெரியவில்லை என்று அறிந்து, தன் கண்ணையே ஆராயத் தொடங்கினார். தன் கண்ணுக்குள் இருக்கும் நீர் நீலமாக இருக்க வேண்டும், அதுதான் மற்ற நிறங்களை விழுங்கிவிடுகிறது என்று முடிவுக்கு வந்தார். தான் இறந்த பிறகு திறந்து பார்க்கச் சொல்லிவிட்டுப் போனார். திறந்து பார்த்தார்கள். நீர் தெளிவாக, கண்ணாடி மாதிரி இருந்தது. அவருடைய விளக்கம் தப்பு. ஆனால் தனக்கு எப்படித் தெரிகிறது என்பதை அவர் மறைக்கவில்லை. ஊரறியச் சொன்னார். அதனால்தான் பின்னால் வந்தவர்கள், கண்ணுக்குள் நிறத்தை வாங்குகிற உறுப்பு மூன்று விதம், அதில் ஒன்று சரியாக இல்லாவிட்டால் இப்படி ஆகும் என்ற இடத்துக்கு வந்து சேர முடிந்தது. அவர் வாயை மூடிக்கொண்டு போயிருந்தால், உனக்குப் பதில் சொல்ல இன்றைக்கு என்னிடம் ஒன்றும் இருந்திருக்காது.

இப்போது உன் கேள்விக்கு வருகிறேன். இது என் வழியாக வந்தது. என் அம்மா எனக்கும் அண்ணனுக்கும் கொடுத்தது. பெண்ணிடம் இது பெரும்பாலும் வெளியே தெரியாமல் உறங்கும், பையனிடம் விழித்துக்கொள்ளும். உனக்கு மகன் பிறந்தால் உன்னிடமிருந்து இது அவனுக்குப் போகாது. மகள் பிறந்தால் என்னைப் போல எல்லா நிறமும் பார்ப்பாள், ஆனால் இதைத் தன்னோடு வைத்திருப்பாள், அவளுடைய பிள்ளையிடம் ஒருநாள் இது எழலாம், எழாமலும் போகலாம். அவ்வளவுதான். இதில் சாபமும் இல்லை, குற்றமும் இல்லை. அப்படி ஒரு பேரன் வந்து ஒரு மரத்தடியில் "எங்கே பூ?" என்று கேட்டால், அவனுக்கு என்ன தெரிகிறது என்று பக்கத்தில் உட்கார்ந்து கேட்க நீ இருப்பாய். உனக்குக் கிடைக்காத ஆள் அவனுக்குக் கிடைப்பான்.

நீ கேட்காத இன்னொரு கேள்வி இருக்கிறது. பாலக்காட்டுப் பக்கம் சித்தூரில் இப்போது வேலை செய்கிற ஸ்டுடியோவில் நீ எடுக்கிற கறுப்பு வெள்ளைப் படங்களைப் பார்த்துத்தான் உனக்கு மனைவியாக வரப்போகிற வசந்தியின் வீட்டாருக்கு உன்னைப் பிடித்துப்போனது. நிழலை இவ்வளவு பதமாகப் பிடிக்கிற பையனா என்று அவள் அப்பா என்னிடமே சொன்னார். அவளுக்கு உன் கண்ணைப் பற்றித் தெரியாது. சொன்னால் என்ன நினைப்பாளோ என்று நீ பயப்படுவது எனக்குத் தெரியும். கல்யாணத்துக்குப் பிறகு மெதுவாகச் சொல்லிக்கொள்ளலாம் என்றும் உனக்குத் தோன்றும். வேண்டாம். இப்போதே போ. அவள் அம்மா அப்பாவிடம் அப்புறம் நாங்கள் பேசுகிறோம், அவளிடம் நீயே சொல். ஒருவேளை அவள் முகம் வாடலாம். கல்யாணமே நின்றுபோனாலும் போகட்டும், நாங்கள் உன் பக்கம் இருப்போம். ஆனால் ஒரு வார்த்தையில் தீர்ந்திருக்க வேண்டியது ஒரு வீட்டுக்குள் என்னவாக வளரும் என்பதை நான் என் கண்ணால் பார்த்துவிட்டேன். அவள் ஒரு நிறத்தைக் கேட்டால், "எனக்கு அது தெரியாது, நீயே கூட வந்து எடு" என்று சொல்கிற சுகம் உனக்கு வேண்டும். அந்தச் சுகம் அவளுக்கும் வேண்டும்.

வெயில் வந்துவிட்டது. எதிர்மலை முழுதாக நிற்கிறது. நேற்று கல்யாணத்துக்கு வீட்டுக்கு வெள்ளையடிக்க ஆள் வந்திருந்தான். முன்னறைக்கு என்ன நிறம், சமையலறைக்கு என்ன நிறம் என்று எல்லாம் பேசி முடித்தோம். நீங்கள் இரண்டு பேரும் வந்தால் தங்கப் போகிற அறைக்கு வந்ததும், நான் இளம் பச்சை என்றேன். உன் அப்பா வாளிப் பக்கத்தில் நின்று கொஞ்சம் யோசித்தார். பிறகு அந்த ஆளிடம், "அந்த ரூம்ப இப்பம் தொடாத. அவன் கண்ணுக்கு எது நல்லாருக்கும்னு கேட்டுட்டுச் சொல்லுதோம்" என்றார். என் பக்கம் திரும்பி, "நிறத்துக்குப் பேரு சொல்லாண்டாம்னு எழுது. எதை மாதிரி இருக்கணும்னு மட்டும் சொல்லட்டும். நான் கலந்து பாத்துக்கிடுதேன்" என்றார்.

காலையிலிருந்து அவர் கொல்லையில் சுண்ணாம்பும் சாயப்பொடியும் வைத்துக்கொண்டு, பலகைத் துண்டுகளில் ஏதேதோ தீட்டிக்கொண்டிருந்தார்; இப்போது அவற்றை வெயிலில் காயவைக்கிறார். சீக்கிரம் எழுது. வசந்தியையும் கேட்டு எழுது.

உன் அம்மா